கெடு தவறியவரின் கூரை
(கொல்கத்தா வாடகைதாரர்களிடையே நிகழ்த்தப்பட்ட உரையின் தமிழ் வடிவம்)



கொல்கத்தாவின் குடியிருப்போர் தம் உரிமைகளை எவருடைய கருணையாலும் பெறவில்லை. 1949ஆம் ஆண்டின் டிக்கா குத்தகைச் சட்டம், 1956ஆம் ஆண்டின் வாடகைச் சட்டம், பஸ்தி நிலங்களை அரசுடைமையாக்கிய 1981ஆம் ஆண்டின் சட்டம் ஆகியவற்றின் பின்னால் மக்களின் நெடிய போராட்டம் உள்ளது. ஆயினும், ஏட்டில் உள்ள உரிமை நீதிமன்றத்தில் தானாகப் பேசுவதில்லை. பிரதிவாதி வராத இடத்தில் வாதியின் சொல் மட்டுமே கேட்கப்படும். ஒருதலைப்பட்சத் தீர்ப்பு பிறக்கும். வீட்டைக் காலி செய்ய அமீனா வந்து நிற்கும்போதுதான் வழக்கு நடந்த செய்தியே பலருக்குத் தெரியவருகிறது.

வராதவர் யார்? ஹூக்ளிக் கரையின் சணல் ஆலைத் தொழிலாளி ஊருக்குச் சென்றிருக்கலாம். வீட்டு வேலை செய்யும் பெண் ஒரு நாள் கூலியை இழக்க அஞ்சியிருக்கலாம். ஆளைக் காணாவிடில் அழைப்பாணையைக் கதவில் ஒட்டிச் செல்லவும் உரிமையியல் நடைமுறைச் சட்டம் இடமளிக்கிறது. அந்தத் தாள் மழையில் கரைந்தாலும் கெடு கரைவதில்லை.

இத்தகைய தீர்ப்பை நீக்கக் கோரும் வழி அச்சட்டத்தின் 9ஆவது ஆணை, 13ஆவது விதியில் உள்ளது. அழைப்பாணை முறையாகச் சேரவில்லை, அல்லது போதிய காரணத்தால் வர இயலவில்லை என்பதை மெய்ப்பிக்க வேண்டும். தீர்ப்பு நாளிலிருந்து 30 நாள்களுக்குள் மனுச் செய்ய வேண்டும். அழைப்பாணை முறையாகச் சேராதிருந்தால், தீர்ப்பை அறிந்த நாளிலிருந்து 30 நாள்கள். அதுவும் கடந்தால், 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் 5ஆவது பிரிவின்படி தாமதத்தை மன்னிக்கக் கோரலாம். மனுச் செய்வதால் மட்டும் வெளியேற்றம் நின்றுவிடாது. தடையாணையும் கேட்க வேண்டும்.

மன்னிப்பில் தாராளம் வேண்டும் என்று உச்சநீதிமன்றம் 1987இல் வகுத்த நெறி புகழ்பெற்றது. அவ்வழக்கில் தாமதித்தவர் ஏழையல்லர், அரசு! நிலம் எடுத்ததற்கான இழப்பீட்டை எதிர்த்த மேல்முறையீட்டில் அதன் தாமதம் நான்கு நாள். 1998இல் தமிழ்நாட்டு வழக்கொன்றில் 883 நாள் தாமதமும் மன்னிக்கப்பட்டது. நாள்களின் எண்ணிக்கையன்று, விளக்கத்தின் ஏற்புடைமையே அளவுகோல் என்று நீதிமன்றம் கூறியது.

ஆனால் கொல்கத்தா வாடகைதாரருக்கு இரண்டாவது கெடு ஒன்றும் உண்டு. 1997ஆம் ஆண்டின் மேற்குவங்க வாடகைச் சட்டம் 7ஆவது பிரிவின்படி, வெளியேற்ற வழக்கின் அழைப்பாணை கிடைத்த ஒரு மாதத்துக்குள் வாடகை நிலுவையை 10 விழுக்காடு வட்டியுடன் செலுத்த வேண்டும். தொகையில் தகராறு இருந்தால், ஒப்புக்கொள்ளும் தொகையைச் செலுத்தி அதே காலத்துக்குள் மனுச் செய்ய வேண்டும். தவறினால் வெளியேற்றத்துக்கு எதிரான வாதமே நீக்கப்படும். இக்கடமை கட்டாயமானது என்று 2019இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது.

இதன் விளைவைக் கவனியுங்கள். அழைப்பாணை பெற்றபின் நோயுற்றுக் கிடந்தவர், ஒருதலைப்பட்சத் தீர்ப்பைப் போதிய காரணம் காட்டி நீக்கிவிடலாம். ஆனால் வாடகை செலுத்தும் மாதம் கடந்திருக்கும். நீதிமன்றக் கதவு திறக்கிறது. உள்ளே சென்றவருக்கு வாய் திறக்க வழியில்லை. நான்கு நாள் தாமதித்த அரசுக்குக் கிடைத்த தாராளம் இவருக்கு ஏன் மறுக்கப்படுகிறது? நியாயமான காரணம் உள்ளவருக்கு இக்கெடுவையும் தளர்த்தச் சட்டம் திருத்தப்பட வேண்டும். அழைப்பாணையின் முகப்பிலேயே இரு கெடுக்களும் மக்கள் மொழியில் அச்சிடப்பட வேண்டும்.

திருத்தம் வரும்வரை காத்திருக்க இயலாது. நீதிமன்றத் தாள் வந்த அன்றே அதைப் படித்துச் சொல்ல ஒரு தோழர் ஒவ்வொரு பஸ்தியிலும் இருக்க வேண்டும். வாடகை செலுத்திய சீட்டுகள் பத்திரப்படுத்தப்பட வேண்டும். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், ஆலைத் தொழிலாளர் ஆகியோருக்கு 1987ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையச் சட்டம் இலவச வழக்கறிஞரைப் பெறும் உரிமையை அளித்துள்ளது. அதைக் கேட்டுப் பெறுங்கள்.

நில உடைமையாளனுக்கு நாள்காட்டியைப் பார்க்க வக்கீல் இருக்கிறார். உழைப்பாளிக்கு அந்த வேலையை அவனது அமைப்புதான் செய்ய வேண்டும்.