ஐந்து பேருக்கும் ஒரே மேசை

(சங்கத்தின் நூற்றாண்டு ஒன்றுகூடலில் பழைய மாணவி ஒருவர் ஆற்றிய உரை)



பள்ளிக்கூடத்தின் நூறு வருட வரலாற்றைச் சொல்ல என்னிலும் தகுதியானவர்கள் இந்தச் சபையில் இருக்கிறார்கள். செயலாளர் என்னிடம் கேட்டது வேறு. "நீங்கள் ஐந்து பேரும் யப்பானுக்குச் சாப்பிடப் போகிறீர்களாமே, அதைப் பற்றிப் பேசுங்கள்" என்றார். சிரித்துக்கொண்டுதான் கேட்டார். அறுபது வயது தாண்டிய பெண்கள் கோயிலுக்குப் போவார்கள், மகளின் பிள்ளைப்பேறு பார்க்கப் போவார்கள். சாப்பிடுவதற்கென்றே ஒரு நாட்டுக்குப் போவது எங்கள் பக்கத்தில் சிரிப்புக்குரிய செய்திதான்.

நான் கரடியனாற்றில் பிறந்தவள். சின்ன வயதில் எனக்கு யப்பான் என்றால் ஒரு மீன். குளத்துத் திலாப்பியாவை எங்கள் வீட்டில் 'யப்பான் மீன்' என்றே சொல்வோம். அது ஆபிரிக்காவைப் பிறப்பிடமாகக் கொண்டது, 1952இல் இலங்கைக்குக் கொண்டுவரப்பட்டது என்பதெல்லாம் பிறகு படித்துத் தெரிந்துகொண்டது. ஆனால் யப்பானின் உண்மையான மீனும் எங்கள் அடுப்படியில் இருந்திருக்கிறது. அதுதான் மாசி.

மாலைதீவில் சூரை மீனை அவித்து, புகையூட்டி, வெயிலில் மரக்கட்டை போலக் காயவைப்பது மாசி. அம்மா அதை உரலில் இடித்துச் சம்பலுக்குப் போடுவார். யப்பானியரும் அதே சூரை இனத்து மீனை அவித்து, பலமுறை புகையூட்டி, பூஞ்சணம் பிடிக்கவைத்துக் காயவைக்கிறார்கள். அதன் பெயர் கட்சுவோபுஷி. நாங்கள் இடிக்கிறோம், அவர்கள் சீவுகிறார்கள். கொம்பு என்னும் கடற்பாசியை நீரில் ஊறவைத்துச் சூடாக்கி, கொதிக்குமுன் எடுத்துவிட்டு, அந்த நீரில் இந்தச் சீவலைப் போட்டு வடித்தால் தாஷி என்ற தெளிந்த சாறு வரும். நமக்குத் தேங்காய்ப்பால் எப்படியோ அவர்களுக்கு அது அப்படி. 1908இல் இகெதா கிகுனாயே என்ற இரசாயனப் பேராசிரியர் கொம்புச் சாற்றின் சுவை எதனால் வருகிறது என்று தேடி, குளுட்டாமேற்றைப் பிரித்தெடுத்து, அச்சுவைக்கு 'உமாமி' என்று பெயர் வைத்தார். 1913இல் அவருடைய மாணவர் கொதாமா கட்சுவோபுஷியிலுள்ள பொருளைக் கண்டார். மாசி போட்ட சம்பலுக்கு ஏன் ஒரு பிடி சோறு கூடப் போகிறது என்பதற்கு அப்போதுதான் எனக்கு விடை கிடைத்தது.

ஒரு சொல்லும் எங்களைச் சேர்த்தது. நாம் பாண் என்கிறோம், அவர்களும் 'பான்' என்கிறார்கள். இரண்டும் போர்த்துக்கேயர் கொடுத்தவை. 1543இல் தனெகஷிமாத் தீவில் இறங்கிய போர்த்துக்கேயர் 1628இல் மட்டக்களப்பில் கோட்டை கட்டினார்கள். 1638இல் ஒல்லாந்தர் அந்தக் கோட்டையைப் பிடித்தார்கள். மூன்று வருடத்தில் அதே ஒல்லாந்தக் கம்பனி நாகசாக்கியின் தெஜிமாத் தீவிலே கடை விரித்தது. நம் வாவிக்கரைப் பறங்கியர் வீட்டுப் பலகாரங்களுக்கும் நாகசாக்கியின் கஸ்தெராக் கேக்குக்கும் பாட்டன்மார் ஒரே ஊர்க்காரர்.

இவ்வளவும் வாசித்தபின் ஆசை முற்றிவிட்டது. கனடாவில் ஒருத்தி, இலண்டனில் ஒருத்தி, இங்கே மூவர். தொலைபேசியில் கூடிப் பேசத் தொடங்கினோம். முதல் நாளே ஒருத்தி விலகினாள். விடுதியில் என் பக்கத்துக் கட்டிலில் படுத்தவள், இன்றுவரை சுத்த சைவம். "புள்ளைகள், நீங்க போயிட்டு வாங்க. நான் அங்க வந்து மூணு நேரமும் வெறுஞ்சோறா தின்னுற?" என்றாள்.

அதைக் கேட்டு நாங்கள் சிரித்தோம். பிறகு எனக்குச் சிரிப்பு வரவில்லை. விடுதியில் மீன் சமைக்கும் நாட்களில் அவள் சோற்றில் சொதியை ஊற்றிப் பேசாமல் சாப்பிட்டுவிட்டு எழும்புவாள். நான்கு வருடம் ஒரே வாங்கில் இருந்தோம். "உனக்கு இது போதுமா?" என்று ஒரு நாளாவது நான் கேட்கவில்லை. நண்டுக் கறியின் காலை உறிஞ்சுவதில் கவனமாக இருந்தேன். அந்தக் கேள்வியை நாற்பது வருடம் கழித்தாவது கேட்க வேண்டும் என்று தீர்மானித்தோம். அவள் வராவிட்டால் பயணம் இல்லை.

அன்றிலிருந்து எங்கள் திட்டம் தலைகீழாக மாறியது. எந்த உணவகம் பெயர்பெற்றது என்று தேடுவதை விட்டு, எந்த மேசையில் ஐந்து பேரும் இருக்கலாம் என்று தேடினோம். அவளுடைய பயம் வீண் பயமல்ல. யப்பானில் கீரை வதக்கலிலும், கத்தரிக்காயிலும், மிசோச் சூப்பிலும் தாஷி இருக்கும். 'சைவம்' என்று மட்டும் சொன்னால் இறைச்சித் துண்டுகளை நீக்கிவிட்டு மீன் சாற்றில் வெந்ததைத் தருவார்கள். அவர்கள் கணக்கில் அது மரக்கறிதான். ஆகவே "மீன், இறைச்சி, முட்டை, மீன் அவித்த சாறு ஆகியவை ஆகாது" என்று யப்பானிய மொழியில் ஒரு அட்டை எழுதுவித்திருக்கிறோம்.

ஏறாவூர்த் தோழிக்கு இன்னொரு அட்டை. பன்றி மட்டுமல்ல, சமையலில் சேரும் அரிசி மதுவும் மிரினும் அவளுக்கு ஆகாது. டோக்கியோவில் அசகுசாப் பகுதியில் ஹலால் உணவகங்கள் இருப்பதால் அங்கேயே தங்குகிறோம்.

சைவக்காரிக்கு விடை கோயாசான் மலையில் கிடைத்தது. ஒன்பதாம் நூற்றாண்டில் கூகாய் என்ற துறவி நிறுவிய பௌத்தத் தலம் அது. ஐம்பதளவு விகாரைகளில் பயணிகள் தங்கலாம். அங்கே பரிமாறுவது ஷோஜின் ரியோரி என்னும் துறவிகளின் உணவு. மீனில்லை, இறைச்சியில்லை. வெங்காயம், உள்ளிகூட இல்லை. நம் விரதச் சமையலைப் போலத்தான். சாறு கொம்பிலும் காய்ந்த ஷியிதாக்கேக் காளானிலும் எடுக்கப்படுகிறது. எள்ளை அரைத்துச் செய்யும் கோமாதோஃபு, உறையவைத்து உலர்த்திய கோயாதோஃபு எல்லாம் உண்டு. ஒசாக்காவின் நம்பா நிலையத்தில் ரயில் ஏறி, கடைசியில் கேபிள் ரயிலில் மலையேற வேண்டும். இரவுச் சாப்பாட்டை ஆறு மணியளவிலேயே பரிமாறிவிடுவார்கள். பிந்திப் போனால் பட்டினிதான்.

கரடியனாற்றில் எங்கள் வீட்டிலே ஒத்திகையும் பார்த்தோம். கனடாத் தோழி அனுப்பிய கொம்பையும் காளானையும் இரவு முழுக்க ஊறவைத்து, மறுநாள் விறகடுப்பில் மெதுவாகச் சூடாக்கி வடித்து, உப்பு மட்டும் போட்டு அவளிடம் கொடுத்தேன். ஒரு மிடறு குடித்தாள். இன்னொரு மிடறு குடித்தாள். "நம்மட ஆணம் மாதிரி இல்ல. ஆனா வாயில நிக்குது" என்றாள். கோப்பையை வைத்துவிட்டு, "கடவுச்சீட்டுக்கு எத்தனை படம் வேணும்?" என்று கேட்டாள்.

நீங்களும் போக நினைத்தால் சில குறிப்புகள். கனடா, இங்கிலாந்துக் கடவுச்சீட்டுக்காரருக்குக் குறுகிய பயணத்துக்கு விசா தேவையில்லை. இலங்கைக் கடவுச்சீட்டுக்குத் தேவை. ஆகவே இங்குள்ளவர்களின் விசா கைக்கு வந்த பிறகே எல்லோரும் பற்றுச்சீட்டு எடுங்கள். ஏப்பிரல் கடைசியிலிருந்து மே முதல் வாரம் வரை அவர்களுக்குத் தொடர் விடுமுறை, எங்கும் சனம். புது வருடத்தில் பல கடைகள் பூட்டு. நாங்கள் வெள்ளாமை வெட்டி முடிந்தபின் மார்ச்சில் போகிறோம். இராச்சாப்பாடு விலை கூடிய உணவகத்திலேயே மத்தியானச் சாப்பாடு மலிவாகக் கிடைக்கும். பெரிய அங்காடிகளின் நிலக்கீழ்த் தளத்தில் உணவுக் கடைகள் உண்டு. பூட்டும் நேரத்தில் விலை குறைப்பார்கள். டோக்கியோவில் மொத்த மீன் சந்தை 2018இல் டொயோசுவுக்கு மாறிவிட்டது. ஆனால் பழைய சுகிஜியின் வெளிச்சந்தை அங்கேயே இருக்கிறது. சோற்றில் குச்சிகளை நட்டுவைக்காதீர்கள், அது இறந்தவருக்குப் படைக்கும் முறை. கையால் சாப்பிடப் பழகிய நமக்கு ஒரு நல்ல செய்தி: சூஷியைக் கையால் எடுத்துத் தின்பது அங்கே குறையல்ல.

சாப்பிடுமுன் அவர்கள் 'இததாகிமாஸ்' என்பார்கள். 'பணிவோடு பெற்றுக்கொள்கிறேன்' என்று பொருள். சனவரி 15இல் அங்கே சிவப்புப் பயறு போட்ட கஞ்சி உண்ணும் வழக்கத்தை நம் பொங்கலோடு ஒப்பிட்டவர் பேராசிரியர் ஒனோ சுசுமு. அவரோடு ஆய்வு செய்தவர்கள் யாழ்ப்பாணத்துப் பேராசிரியர் சண்முகதாஸும் அவர் துணைவியார் மனோன்மணியும். தமிழும் யப்பானிய மொழியும் உறவு என்ற ஒனோவின் கருத்தை மொழியியலாளர் பெரும்பாலும் ஏற்கவில்லை. அந்த வழக்கு அறிஞர்களுக்குரியது. புது அரிசியை வணங்கிவிட்டுச் சாப்பிடும் ஒரு சனத்தின் வீட்டுக்கு, அரிசி விளைவிக்கும் ஊரிலிருந்து நான் போகிறேன். எனக்கு அந்த உறவு போதும்.

தங்கைமாரே, இன்று மத்தியானம் பழைய சாப்பாட்டு மண்டபத்தில் எல்லோரும் ஒன்றாக இருக்கப்போகிறோம். உங்கள் பக்கத்தில் இருப்பவளின் தட்டைக் கொஞ்சம் பாருங்கள். "உனக்கு இது போதுமா?" என்று கேளுங்கள். நான் நாற்பது வருடம் பிந்திவிட்டேன். நீங்கள் பிந்த வேண்டாம்.