பிணை கேட்கும் பிஞ்சுகள்

2024 மே மாதம், புனே நகரில், நள்ளிரவு கடந்த வேளையில், 17 வயதுச் சிறுவன் ஓட்டிவந்ததாகக் கூறப்படும் உயர்விலைக் கார் மோதி இளம் பொறியாளர் இருவர் மாண்டனர். சில மணி நேரத்தில் சிறுவனுக்குப் பிணை! நிபந்தனைகளுள் ஒன்று, சாலை விபத்து பற்றி 300 சொற்களில் கட்டுரை எழுதவேண்டும் என்பது. நாடு கொதித்தது. அந்தக் கொதிப்பில் நான் குறை காணேன். போன உயிர்கள் இரண்டு. கேட்டதோ கட்டுரை ஒன்று! ஆனால் கொதித்தோர் எழுப்பிய குரல் என்ன? "சிறுவனுக்குப் பிணையா? பூட்டு உள்ளே!" என்பதன்றோ? அங்கேதான் நாம் சற்று நின்று சிந்திக்கவேண்டும்.

சிறுவனுக்குப் பிணை என்பது எவரும் இடும் பிச்சையன்று. சட்டம் தந்த உரிமை. 2015ஆம் ஆண்டின் இளைஞர் நீதிச் சட்டம், 12ஆம் பிரிவு, என்ன சொல்கிறது? பிணையில் விடத்தக்க குற்றமோ, விடத்தகாத குற்றமோ, பிணையாள் இருப்பினும் இல்லாவிடினும், சிறுவனை விடு என்கிறது. மறுப்பதற்கு மூன்றே வாயில்கள். தீயவர் கூட்டுறவில் சிக்குவான் என்பது ஒன்று. அவனுக்கே ஆபத்து நேரும் என்பது மற்றொன்று. நீதியின் நோக்கம் பாழ்படும் என்பது மூன்றாவது. இம்மூன்றில் எது என்று காரணத்தை எழுதியாகவேண்டும். குற்றம் பெரிது என்பது அந்தப் பட்டியலில் இல்லை, தோழர்களே! இல்லாததை நுழைக்கவே பலர் மூன்றாவது வாயிலை அகலத் திறக்கிறார்கள்.

"மாண்டவர் வீட்டுக் கண்ணீருக்கு என்ன விடை?" என்பீர்கள். நியாயமான கேள்வி. பிணை விடுதலையன்று, விசாரணை நிற்பதுமில்லை. நாடகமேடையில் பிணை கிடைத்ததும் திரை விழும், மக்கள் எழுந்து போய்விடுவார்கள். வழக்குமன்றத்தில் அப்போதுதான் முதற்காட்சியே தொடங்குகிறது.

கூக்குரலுக்குப் பின் புனேச் சிறுவனைத் திரும்ப அழைத்துக் கூர்நோக்கு இல்லத்தில் வைத்தார்கள். அத்தை வழக்குத் தொடுத்தார். ஜூன் 25ஆம் நாள், அவனை அடைத்தது சட்டவிரோதம் என்று பம்பாய் உயர்நீதிமன்றம் விடுவித்தது. சரியான தீர்ப்பு, செல்வன் வீட்டுப் பிள்ளையாயினும்!

அதே ஆண்டு ஆகஸ்டில் உச்சநீதிமன்றத்தில் வேறொரு சிறுவனின் வழக்கு. இராஜஸ்தானைச் சேர்ந்தவன். ஓராண்டாக அடைபட்டுக் கிடந்தான். குழுமம் மறுத்தது, மேல்முறையீட்டிலும் மறுப்பு, உயர்நீதிமன்றமும் மறுத்தது. மூன்று வாயில்களில் எது பொருந்தும் என்று எவருமே எழுதவில்லை! உச்சநீதிமன்றம் அதைச் சுட்டிக்காட்டி, பிணையாள் இன்றியே, நன்னடத்தை அலுவலரின் கண்காணிப்பில் விடுவித்தது. புனே பற்றிக் கொதித்த நாடு இவனுக்காக முணுமுணுத்ததா? செல்வன் மகன் வெளியே வந்ததன்று கொடுமை. இவன் உள்ளே இருந்ததே கொடுமை!

சில நாள் உள்ளே இருந்தால் என்ன கெட்டுவிடும் என்பாரும் உண்டு. செங்கல்பட்டைக் கேளுங்கள். பேட்டரி திருடினான் என்று 17 வயதுச் சிறுவன்மீது வழக்கு. அரசு இல்லத்துக்கு அனுப்பினார்கள். 2022 டிசம்பர் 31 அன்று பிணமானான். அடித்துக் கொன்றதாக இல்லத்து ஊழியர் அறுவர் கைதாயினர். பேட்டரிக்கு விலை உண்டு; அந்தத் தாயின் மகனுக்கு?

பிணை ஆணை கிடைத்தும் உள்ளேயே வாடும் பிள்ளைகள் உண்டு. பிணையாளுக்குச் சொத்துச் சான்று கேட்டால், கூலிக்காரத் தாய் எங்கே போவாள்? அதற்கும் அதே 12ஆம் பிரிவில் வழி இருக்கிறது. நிபந்தனையை நிறைவேற்ற முடியாமல் ஏழு நாள் கழிந்தால், சிறுவனைக் குழுமத்தின் முன் நிறுத்தி நிபந்தனையை மாற்றவேண்டும்.

உங்கள் வட்டத்தில் அப்படியொரு தாய் இருந்தால், நாளை காலை அவரை மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்கு அழைத்துச் செல்லுங்கள். சிறுவனுக்கு வழக்கறிஞர் இலவசம். இன்று எத்தனையாவது நாள் என்பதை மட்டும் மறவாமல் எண்ணிக்கொண்டு போங்கள்.