பிணை தீர்ப்பன்று

(வெள்ளி விழாக் கருத்தரங்கில் ஆற்றிய உரை)



கைது செய்யப்பட்டவரை 24 மணி நேரத்திற்குள் நடுவர் முன் நிறுத்த வேண்டும்; அவர் தாம் விரும்பும் வழக்கறிஞரைக் கலந்து கொள்ள உரிமை உண்டு. அரசியல் சட்டத்தின் 22ஆம் பிரிவாக இன்று விளங்கும் இப்பாதுகாப்பை, 1949 செப்டம்பரில் அரசியல் நிர்ணய சபையில் முன்மொழிந்தவர் அண்ணல் அம்பேத்கர். அவர் திறந்துவைத்த அந்த வாயிலைக் கடந்தவுடன் நாம் சந்திக்கும் கேள்விதான் பிணை, அதாவது ஜாமீன்.

நம் மக்கள் நீதிமன்றப் படியில் இரு நிலைகளில் நிற்கின்றனர். குற்றம் சாட்டப்பட்டுச் சிறையில் கிடக்கும் மகனுக்காகக் கண்ணீருடன் நிற்கிறாள் ஒரு தாய். வன்கொடுமைக்கு ஆளாகி, தாக்கியவன் வெளியே வந்துவிடுவானோ என்ற அச்சத்துடன் நிற்கிறாள் மற்றொரு தாய். இவ்விருவருக்கும் நான் சொல்ல விரும்புவது ஒன்றே: பிணை தீர்ப்பன்று. பிணை மறுக்கப்பட்டதால் ஒருவன் குற்றவாளி ஆவதில்லை; வழங்கப்பட்டதால் நிரபராதி ஆவதுமில்லை. விசாரணை முடியும்வரை அவனை எங்கே வைப்பது என்பது மட்டுமே அன்று முடிவாகிறது.

அம்முடிவை நீதிமன்றம் எவ்வாறு எடுக்கிறது? குற்றச்சாட்டின் தன்மை, அதற்குரிய தண்டனையின் கடுமை, முதல் நோக்கில் தென்படும் சான்று ஆகியவற்றைப் பார்க்கிறது. வெளியே விட்டால் தப்பி ஓடுவானா, சாட்சிகளை மிரட்டுவானா, மீண்டும் குற்றம் புரிவானா என்று ஆராய்கிறது. மரண தண்டனை அல்லது ஆயுள் தண்டனைக்குரிய குற்றத்தை ஒருவர் செய்தார் என நம்ப நியாயமான காரணம் இருப்பின், நடுவர் பிணை வழங்கலாகாது என்பது பொதுவிதி. பெண்கள், சிறார், நோயுற்றோர், உடல் நலிந்தோர் ஆகியோருக்கு விலக்கு உண்டு. அமர்வு நீதிமன்றத்திற்கும் உயர் நீதிமன்றத்திற்கும் இதில் விரிந்த அதிகாரம் உண்டு.

முதல் தாய்க்கு வருவோம். 1978இல் மோத்திராம் என்னும் ஏழைக் கொத்தனாரின் வழக்கு உச்ச நீதிமன்றத்திற்கு வந்தது. அவரைப் பிணையில் விட முன்பே ஆணை இருந்தும், கீழ் நீதிமன்றம் 10,000 ரூபாய்க்கு ஜாமீன் கேட்டது. அவருடைய சகோதரரின் சொத்து வேறு மாவட்டத்தில் உள்ளது என்று அந்தச் சகோதரரின் ஜாமீனையும் ஏற்க மறுத்தது. நீதியரசர் கிருஷ்ணய்யர் அதைக் கண்டித்து, 1,000 ரூபாய்ச் சொந்தப் பிணையில் அவரை விடுவிக்கச் செய்தார். சொத்தில்லாமை சிறைக்குக் காரணமாகக் கூடாது என்பதே அத்தீர்ப்பின் சாரம்.

மற்றொன்றையும் நெஞ்சில் இருத்துங்கள். 2024 சூலை முதல் நடைமுறையில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின்படியும், காவலில் வைக்க நடுவர் ஆணையிட்ட நாள் தொட்டு 60 நாட்களுக்குள், மரணம், ஆயுள் அல்லது பத்தாண்டுக்குக் குறையாத தண்டனைக்குரிய குற்றமாயின் 90 நாட்களுக்குள், குற்றப்பத்திரிகை வர வேண்டும். வரவில்லையெனில் பிணை உரிமையாகிறது. சில தனிச் சட்டங்களில் இக்கெடு நீளும். ஆனால் கேட்டால்தான் இவ்வுரிமை கிட்டும். கேட்பதற்கு முன் குற்றப்பத்திரிகை வந்துவிட்டால் அது நழுவிவிடும். ஆகவே நாளை எண்ணுங்கள். இடைத்தரகரிடம் தாலியை அடகு வைத்த பணத்தைக் கொடுக்காதீர்கள். 1987ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையச் சட்டப்படி, பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் வருமான வரம்பின்றி இலவச வழக்கறிஞர் உண்டு.

இனி இரண்டாம் தாய். 1989ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் முன்பிணையைத் தடை செய்கிறது. 2018இல் சேர்க்கப்பட்ட 18அ பிரிவு அத்தடையை உறுதி செய்தது. 2020இல் உச்ச நீதிமன்றம் அப்பிரிவை நிலைநிறுத்தியது. எனினும் முதல் நோக்கிலேயே குற்றம் புலப்படாத புகாருக்கு அத்தடை பொருந்தாது என்றும் அது கூறியது. ஆகவே புகாரில் நடந்ததை நடந்தவாறு, தெளிவாக எழுதுதல் இன்றியமையாதது.

கைதான பின் எதிரி பிணை கேட்கலாம். ஆனால் பாதிக்கப்பட்டவருக்கு அறிவிப்புக் கொடுத்து, அவர் சொல்வதையும் கேட்க வேண்டும் என்பது அச்சட்டத்தின் 15அ பிரிவு. அது கட்டாயம் என 2021இல் உச்ச நீதிமன்றம் அறுதியிட்டது. நீங்கள் செல்லாவிடில், ஊரில் நிலவும் அச்சத்தை நீதிபதி அறிவது எங்ஙனம்? பிணை வழங்கப்பட்டாலும் மனம் தளர்ந்து சமரசத்திற்கு இணங்கிவிடாதீர்கள். உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு உண்டு. வந்தவன் மிரட்டினால் பிணையை நீக்கக் கோரும் வழியும் உண்டு.

நம் பிள்ளைக்கு வேண்டும் நீதிநெறியை எதிரிக்கு மறுக்க நாம் கேட்கவில்லை. இருவரையும் ஒரே அளவுகோலால் அளக்கவே கேட்கிறோம். சட்டம் ஏட்டில் உறங்குகிறது. அதைத் தட்டி எழுப்புவோர் வேண்டும். இளைஞர்களே, உங்கள் ஊரிலிருந்து ஒரு தாய் நீதிமன்றம் செல்லும் நாளில், வழக்கு எண்ணையும் வாய்தாத் தேதியையும் குறித்துக்கொண்டு நீங்களும் உடன் செல்லுங்கள். இக்கழகம் இருபத்தைந்து ஆண்டுகளாகப் புகட்டிய எழுத்தறிவுக்கு அதைவிடச் சிறந்த நன்றிக்கடன் வேறில்லை.