உயரமும் தூரமும்
(விக்கிரமங்கலத்தில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவு)



தொலைக்காட்சியின் சரித்திரத்தை எழுதுவோர், 1884ல் ஜெர்மனியின் பால் நிப்கோ கண்ட, பிம்பத்தை வரிவரியாகப் பிரிக்கும் துளைத்தட்டில் தொடங்கி, 1926 ஜனவரியில் லண்டனில் பேர்டு அசையும் முகத்தை அறிஞர் முன் காட்டியதையும், மறு ஆண்டில் அமெரிக்க இளைஞர் ஃபார்ன்ஸ்வொர்த் தட்டே இல்லாமல் மின்குழாயால் பிம்பத்தை அனுப்பியதையும் சொல்லிவிட்டு, நிலையத் திறப்புவிழாக்களுக்குப் போய்விடுவது வழக்கம். அது அனுப்பியவர்களின் சரித்திரம். எந்த நிலையத்துக்கும் அருகில் இல்லாத ஓர் ஊரில் பேச நேர்ந்தமையால், பெற்றுக்கொண்டவர்கள் பக்கத்திலிருந்து அதைச் சொல்ல விரும்புகிறேன்.

தமிழகத்தில் இவ்வித்தை முதலில் தலைகாட்டியது அரசாங்கத்தின் தயவால் அன்று. 1950 ஜனவரியில், தேனாம்பேட்டைப் பொருட்காட்சி ஒன்றில், பி. சிவகுமாரன் என்ற மின்பொறியியல் மாணவர், எழுத்தின் பிம்பத்தைக் குழாய்த் திரையில் தோன்றச் செய்தார். தில்லியில் பரீட்சார்த்த ஒளிபரப்பு ஆரம்பமானது 1959 செப்டம்பர் 15ல்தான். சென்னைக்கு நிலையம் வந்தது 1975 ஆகஸ்டு 15ல். மாணவர் காட்டியதற்கும் சர்க்கார் கொடுத்ததற்கும் இடையே கால் நூற்றாண்டு! அதே ஆகஸ்டில் அமெரிக்கச் செயற்கைக்கோள் ஒன்றின் வழியே ஆறு மாநிலங்களில் ஏறத்தாழ 2,400 கிராமங்களுக்குப் படம் இறங்கியது. ஆந்திரத்தையும் கர்நாடகத்தையும் சேர்த்துக்கொண்ட அத்திட்டத்தில் தமிழகத்துக்கு இடமில்லை.

அக்காலத்துப் பெட்டியில் படம் எவ்வாறு உண்டாயிற்று என்பதை உழவர்களுக்கு விளக்குவது சுலபம். ஏர் சால் சாலாகப் போவதுபோல் எலெக்ட்ரான் கற்றை 625 வரிகளாகத் திரையை உழுதது. ஒன்றுவிட்டு ஒரு சாலை முதலில் முடித்து, விட்ட சால்களை மறுமுறை ஓட்டி, ஒரு விநாடிக்குள் 25 முழுப் படங்களைத் தீட்டிவிட்டது.

ஆனால் நம் ஊருக்கு இடர் அங்கே இல்லை. பூமி உருண்டையாக இருப்பதில் இருந்தது. தொலைக்காட்சி அலை பெரும்பாலும் நேர்கோட்டில் செல்வது. அடிவானத்துக்கு அப்பால் அது தலைக்குமேல் போய்விடும். 100 மீட்டர் கோபுரத்துக்கு எட்டும் தூரம் சுமார் 41 கிலோமீட்டர். நாம் 10 மீட்டர் குழாயை மாடியில் நிறுத்தினால் இன்னும் 13 கிலோமீட்டர் கூடும். நேர்கோட்டில் ஏறக்குறைய 250 கிலோமீட்டர் தள்ளியிருக்கும் சென்னையை இந்தக் கணக்கில் பிடிக்க வழியில்லை. எண்பதுகளின் பிற்பகுதியில் கொடைக்கானலில் தொலைக்காட்சி ஒளிபரப்பி எழுந்தபோதுதான், 2,000 மீட்டருக்கு மேற்பட்ட அம்மலையின் உயரம் அடிவானத்தை ஏறத்தாழ 190 கிலோமீட்டருக்குத் தள்ளியது. விக்கிரமங்கலமோ அதற்குச் சற்று வெளியே, சுமார் 200 கிலோமீட்டரில் கிடக்கிறது! ஆண்டெனாவைத் தென்மேற்கே திருப்பி, பூஸ்டர் மாட்டி, “வருதா? இப்ப வருதா?” என்று மாடிக்கும் முற்றத்துக்குமிடையே கூவிய அக்காலத்து விவகாரத்துக்குப் பின்னால் இருந்தது இந்தப் பத்துக் கிலோமீட்டர்தான் என்பது என் அபிப்பிராயம்.

காவிரிப் படுகையிலும் தென்கடலோரத்திலும் ஆண்டெனாக்கள் பார்த்த இன்னொரு திசை உண்டு. 1982 பிப்ரவரி 15ல் ஜப்பானிய உதவியோடு தொடங்கிய இலங்கையின் ரூபவாஹினி, கடல்மேல் ஈரக்காற்றும் வெப்பக்காற்றும் அடுக்காக நின்று அலையை வளைத்துக் கொடுத்த இரவுகளில், நம் தேசத்து நிலையத்தைக் காட்டிலும் தெளிவாக வந்திறங்கியது. இரு நாட்டுக்கும் 625 வரி முறையே பொதுவாக இருந்தமையால் பெட்டியில் எந்த மாற்றமும் வேண்டியிருக்கவில்லை. ராஜதானியின் ஒளி எட்டாத ஊர்களுக்கு அயல்நாட்டின் ஒளி எட்டிய இந்த விசித்திரத்தை ஒளிபரப்பு வரலாற்றாசிரியர்கள் ஒரு வரியில் கடந்துபோவது நியாயமன்று.

இந்தத் தூரத் தடைக்கு விடை வானத்திலிருந்து வந்தது. 1982ல் இந்தியாவின் செயற்கைக்கோளான இன்சாட்-1ஏ சில மாதங்களிலேயே செயலிழந்தது. மறு ஆண்டின் இன்சாட்-1பி நிலைத்து நின்றது. நிலநடுக்கோட்டுக்கு மேலே 36,000 கிலோமீட்டர் உயரத்தில் நிற்கும் கோளுக்கு மலையும் மடுவும் ஒன்று. ஆதலால் 1993 ஏப்ரல் 14ல் சன் தொலைக்காட்சி கோள்வழி வந்தபோது, அதை வீடுகளுக்குக் கொண்டுசேர்க்க மலைக்கோபுரம் தேவைப்படவில்லை, கேபிள்காரரின் கிண்ணமும் கம்பியுமே போதுமாயின. பூமியின் வளைவு போட்ட தடை நீங்கிற்று. அவ்விடத்தில் மாதச் சந்தா வந்து நின்றது. 2006 முதல் மாநில அரசாங்கம் வண்ணப் பெட்டியை இலவசமாகக் கொடுத்தும், கம்பிக்குக் கூலி கொடுக்க வேண்டியிருந்தது. ஆகவேதான் 2011ல் அரசு கேபிள் நிறுவனம் மாதம் 70 ரூபாய் என்று கட்டணம் வகுத்தது, கிராமத்தாருக்கு எந்தப் புதிய அலைவரிசையைக் காட்டிலும் பெரிய செய்தியாயிற்று.