அபஸ்வரம் யாருடையது?

1977இல் வெளியான டோல்கீனின் ‘சில்மரில்லியன்’ நூலில் உலகம் ஓசையிலிருந்து பிறக்கிறது. ஏரு என்னும் முதல்வன் இசைக்கருவைத் தருகிறான்; ஐனூர்கள் பாடுகிறார்கள். அவர்கள் குரலுக்கு யாழும் குழலும் எக்காளமும் ஆர்கனும் உவமை. தோற்கருவி ஒன்றுகூட இல்லை. மெல்கோர் தன் போக்கில் பாடியதும் அது அபஸ்வரம் ஆகிறது. பிறகு அதன் வெற்றிச் சுரங்களையும் ஏருவின் இசையே எடுத்துக்கொள்கிறது.

மெல்கோர் ஆதிக்கம் தேடியவன். அவனோடு நமக்கு உறவில்லை. ஆனால் எது இசை, எது இரைச்சல் என்று அரியணை தீர்மானிக்கும் உலகை நாம் அறிவோம். தீயில் காய்ச்சி நாம் அடித்த பறையைச் சாவு வீட்டுக்கு அழைத்தார்கள். சபையில் தீட்டென்று தள்ளினார்கள். இன்று மேடையேற்றுகிறார்கள். அந்த இடம் மட்டும் போதாது. இசைக்கருவைத் தொடங்கும் உரிமையும் நமக்கு வேண்டும்.