பால் ராப்சனின் ஆவணப்படக் குரல்



ஒரு கலைஞர் தம் திறமையை எதற்கு ஒப்படைக்கிறார் என்பதைக் கொண்டே அவருடைய கலைவாழ்வை அளக்க வேண்டும் என்பதற்கு, அமெரிக்கக் கறுப்பினப் பாடகரும் நடிகருமான பால் ராப்சன் (1898–1976) சமூக ஆவணப்படங்களுக்கு ஆற்றிய பணி தக்க சான்றாகும். அடிமைத்தளையிலிருந்து தப்பிவந்த ஒருவரின் மகனான அவர், 1919-இல் ரட்கர்ஸ் கல்லூரிப் பட்டமளிப்பு விழாவில் மாணவர் சார்பில் உரையாற்றியவர். கொலம்பியாவில் சட்டம் பயின்றும், நிறவெறி காரணமாக அத்தொழிலை விட்டு மேடைக்கு வந்தவர்.

கதைப்படங்கள் அவருக்குப் புகழைத் தந்தனவே தவிர, அவர் விரும்பிய பொருளைத் தரவில்லை. ஆப்பிரிக்கப் பண்பாட்டின் பெருமையைக் காட்டும் என நம்பி அவர் நடித்த ‘சாண்டர்ஸ் ஆஃப் தி ரிவர்’ (1935), காலனியாட்சியைப் போற்றும் படமாகவே திரைக்கு வந்தது. 1942-க்குப் பின் அவர் ஹாலிவுட்டை விட்டே விலகினார்.

அதே 1942-இல் லியோ ஹர்விட்ஸும் பால் ஸ்ட்ராண்டும் இயக்கி வெளியிட்ட ‘நேட்டிவ் லேண்ட்’, தொழிற்சங்கங்களை உடைக்க முதலாளிகள் உளவாளிகளை அமர்த்தியதை, அமெரிக்க செனட்டின் லா ஃபாலெட் குழு திரட்டிய சான்றுகளின் துணையோடு அம்பலப்படுத்தியது. உண்மைக் காட்சிகளோடு, நடந்தவற்றை நடிகர்களைக் கொண்டு மீண்டும் நிகழ்த்திக் காட்டும் மறுநடிப்பும் கலந்த அப்படத்தில் ராப்சன் திரையில் தோன்றவில்லை. காட்சிகளுக்குப் பொருள் கூறும் பின்னணி உரையையும் பாடல்களையும் மட்டுமே வழங்கினார். எனினும், சிதறிய நிகழ்ச்சிகளை ஒரே வழக்காகக் கோத்து, பார்ப்போரிடம் நீதி கேட்பது அக்குரலே. அவருடைய திரைப்பணியில் இதற்கு இணையானது வேறில்லை.

அரசியல் கருத்துகளுக்காக 1950-இல் அவருடைய கடவுச்சீட்டு பறிக்கப்பட்டபோதும் அப்பணி நிற்கவில்லை. ஆறு பெரும் ஆறுகளின் கரைகளில் உழைப்போரைப் பற்றி யோரிஸ் ஐவன்ஸ் இயக்கிய ‘நதிகளின் பாடல்’ (1954) படத்துக்காக, பிரெக்ட் எழுதி ஷோஸ்தகோவிச் இசையமைத்த பாடலை, நாட்டை விட்டு வெளியேற இயலாத ராப்சன், ஹார்லெமில் பாதிரியாராக இருந்த தம் தமையனார் இல்லத்திலேயே பாடிப் பதிவு செய்து அனுப்பினார். கங்கைக் கரையும் இடம்பெற்ற அப்படத்தில், எல்லை கடக்க அனுமதிக்கப்படாத மனிதரின் குரல் எல்லா நாட்டு உழைப்பாளர்க்காகவும் ஒலித்தது. கடவுச்சீட்டு அவருக்குத் திரும்பக் கிடைத்தது 1958-இல்தான்.

திரைத்துறைக்கும் ஊடகங்களுக்கும் செல்லவிருக்கும் பட்டதாரிகள் ‘நேட்டிவ் லேண்ட்’ படத்தைத் தேடிப் பார்க்க வேண்டும். தம் முகத்தையோ குரலையோ ஒரு படத்துக்குக் கொடுக்குமுன், அது யார் பக்கம் நின்று பேசப்போகிறது என்பதைக் கேட்டறிந்துகொள்ள வேண்டும்.