பக்கவாத்தியத்தின் பெருமை

பினாங்கு லிட்டில் இந்தியாவில் டில்லி கணேஷ் என்றால் சிலர் யோசிக்கக்கூடும். 'மைக்கேல் மதன காமராஜன்' படத்துப் பாலக்காட்டுச் சமையல்காரர் என்றால் உடனே சிரித்துவிடுவார்கள். பெயர் மறக்கலாம், பாத்திரம் மறக்காது. குணச்சித்திர நடிகருக்கு அதுதான் வெற்றி.

1944-ல் வல்லநாட்டில் பிறந்தவர். பத்தாண்டுகள் விமானப்படையில் உத்தியோகம். டில்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடிப்பு. மாதச் சம்பளத்தை விட்டு, அடுத்த படம் வருமா என்று தெரியாத தொழிலுக்கு வந்தார். 'பட்டினப் பிரவேசம்' படத்தில் அறிமுகப்படுத்தியவர் கே.பாலசந்தர்.

'பசி' (1979) படத்தில் ரிக்‌ஷாக்காரத் தகப்பன். மகளாக நடித்த ஷோபாவுக்குத் தேசிய விருது. இவருக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு. 'சிந்து பைரவி'யில் (1985) மிருதங்க வித்வான். 'அபூர்வ சகோதரர்கள்' (1989) படத்தில் வில்லன். இப்படி 400-க்கும் மேற்பட்ட படங்கள். தொலைக்காட்சித் தொடர்கள் வேறு.

கச்சேரி நோட்டீசில் பாடகர் பெயர்தான் பெரிதாக இருக்கும். மிருதங்கம் தாளம் தப்பினால் பாட்டு நிற்குமா?

2024 நவம்பர் 9-ல், 80 வயதில் அவர் மறைந்தார். எல்லோரும் புகழ்ந்தார்கள். உங்கள் வீட்டிலும் அலுவலகத்திலும் பக்கவாத்தியமாக இருப்பவர்கள் உண்டு. அவர்கள் காதில் விழும்போதே ஒரு வார்த்தை பாராட்டுங்கள்.